முதலாமவருக்குக் குறைந்த முப்பது

பாடநூல் அலுவலகத்தில் எழுத்தைப் பார்ப்பவர் எண்ணைப் பார்க்கக் கூடாது. அந்த அலுவலகம் ஏற்பட்ட நாள் முதல் இருந்துவரும் ஒழுங்கு இது. எழுத்துத் திருத்துநர் என்று ஒருவர் இருப்பார். ஒற்று மிகுந்திருக்கிறதா, கால் விழுந்திருக்கிறதா, காற்புள்ளி தன் இடத்தில் ஒழுங்காக உட்கார்ந்திருக்கிறதா என்று அவர் பார்ப்பார். எண் திருத்துநர் என்று இன்னொருவர். அவருக்கு எண்கள் மட்டும். ஒரே பக்கத்தை இருவரும் பார்ப்பார்கள், ஆனால் ஒருவர் பார்ப்பதை மற்றவர் பார்க்கமாட்டார். எழுத்துக்காரர் எண்ணில் கைவைத்தால் அது அதிகார வரம்பு மீறல், விளக்கம் கேட்பார்கள்.

இந்த ஏற்பாட்டில் ஒரே ஒரு சின்னக் குறை. எண் திருத்துநர் ஓய்வு பெற்றுப் போய் வெகு காலமாகிவிட்டது. புது ஆள் போட்டால் செலவு என்று, எண்களையும் பார்த்துக்கொள்ளும்படி எழுத்துத் திருத்துநரிடமே 'கூடுதல் பொறுப்பு' கொடுத்துவிட்டார்கள். பொறுப்பு கூடியது, சம்பளம் கூடவில்லை. நம் திருத்துநர் விதிப்படி நடக்கிற மனிதர். காலையில் தன் நாற்காலியில் உட்கார்ந்து எழுத்துகளை மட்டும் பார்ப்பார். சாப்பாட்டுக்குப் பிறகு எழுந்து எதிர் நாற்காலிக்குப் போய் அதே பக்கத்தின் எண்களைப் பார்ப்பார். வயிறு நிறைந்த மனிதனுக்குக் கண் சொருகத்தான் செய்யும், அதற்கு அவர் என்ன செய்வார் பாவம்.

ஐந்தாம் வகுப்புக் கணிதப் பாடப்புத்தகத்தில் ஒரு கணக்கு இருந்தது.

"ஒரு போட்டியில் வென்ற பரிசுப் பணம் 900 ரூபாயை மூன்று நண்பர்கள் பங்கிட்டுக்கொண்டனர். இரண்டாமவருக்கு முதலாமவரைப் போல் இரு மடங்கு. மூன்றாமவருக்கு இரண்டாமவரைவிட 100 ரூபாய் அதிகம். எனில் ஒவ்வொருவரும் பெற்றது எவ்வளவு?"

யாருக்கும் கெடுதல் நினைக்காத கணக்கு. 160, 320, 420 என்று விடை வரும், கூட்டினால் சுளையாகத் தொள்ளாயிரம். ஆனால் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் விடை 130, 320, 420 என்று அச்சாகியிருந்தது. ஆறு இருக்க வேண்டிய இடத்தில் மூன்று. எழுத்துகளில் ஒரு பிழை கிடையாது, 'எனில்' என்பதற்கு முன்னால் முற்றுப்புள்ளிகூட வெகு அழகாக விழுந்திருந்தது. எண் மட்டும் சாப்பாட்டுக்குப் பிறகு பார்த்தது.

ஐந்து லட்சம் பிரதிகள் அச்சாகி நாடு முழுக்கப் போயின. பிள்ளைகள் கணக்கைப் போட்டார்கள், விடை ஒத்துவரவில்லை, தலையில் குட்டு வாங்கினார்கள். அந்த அளவில் விஷயம் அமைதியாகத்தான் போய்க்கொண்டிருந்தது.

அப்போதுதான் வருடாந்தரத் தணிக்கை வந்தது.

தணிக்கையாளர் மெலிந்த மனிதர். எண்ணைக் கண்டால் கூட்டாமல் விடமாட்டார். பேருந்துச் சீட்டைக்கூடக் கூட்டிப் பார்த்துவிட்டுத்தான் கிழித்துப் போடுவார் என்று அவரைப் பற்றிச் சொல்வார்கள். தேநீர் வரத் தாமதமானதால் மேசைமேல் கிடந்த மாதிரிப் பிரதியைப் புரட்டினார். விடைப் பக்கத்தைப் பார்த்தார். கூட்டினார். மறுபடி கூட்டினார். தேநீர் வந்தது, அவர் தொடவில்லை.

"இங்க வரவு தொள்ளாயிரம்னு இருக்கு. பட்டுவாடா ஆனது எண்ணூத்தி எழுபது. மீதி முப்பது எங்க?"

திருத்துநர் ஓடிவந்தார். "சார், இது குழந்தைங்க படிக்கிற பாடப்புத்தகம். அந்த மூணு பேரும் நிஜம் கிடையாது சார்."

தணிக்கையாளர் பேனாவைக் கீழே வைத்தார். "ஆளே இல்லாம பணம் பட்டுவாடா ஆயிருக்கா? அப்ப இது முப்பது ரூபா விஷயம் இல்லீங்களே. முழு எண்ணூத்தி எழுபதும் விஷயமாச்சே!"

"இல்ல சார், நிஜம்தான் சார்," என்றார் திருத்துநர் அவசரமாக. "மூணு பேரும் இருக்காங்க."

"அப்படிச் சொல்லுங்க," என்று தணிக்கையாளர் தேநீரை எடுத்துக்கொண்டார்.

மறுநாள் முறைப்படி ஆட்சேபணை வந்தது. மேற்படி முதலாமவருக்குச் சேர வேண்டிய தொகையில் ரூபாய் முப்பது குறைவாகக் காணப்படுவதால், அக்குறைவுக்கான காரணத்தைத் தெரிவிக்குமாறும், அதுவரை தொடர்புடைய அலுவலரின் பதவி உயர்வை நிறுத்திவைக்குமாறும் இதன் மூலம் கேட்டுக்கொள்ளப்படுகிறது.

இந்தக் கடைசி வரியைத்தான் திருத்துநர் திரும்பத் திரும்பப் படித்தார். முதுநிலைத் திருத்துநராக அவர் பெயர் மேலே போயிருந்தது. முதுநிலை என்றால் இரண்டு அறை உள்ள குடியிருப்பு. இப்போது இருப்பது ஒரே அறை. ஐந்தாம் வகுப்புப் படிக்கும் மகள் துணி துவைக்கும் இயந்திரத்தின் மேல் புத்தகத்தை வைத்து நின்றபடி எழுதுவாள். இயந்திரம் ஓடும்போது எழுதினால் கையெழுத்து நடுங்கும் என்று, துவைக்கிற நேரத்தையே வீட்டில் மாற்றி வைத்திருந்தார்கள். மனைவி மருந்துக்கடையில் பில் போடுகிறவள், கனவு காண்கிறவள் அல்ல. அவளே இந்த முறை புது வீட்டு ஜன்னலுக்கு அளவெடுத்துத் திரைச்சீலை வாங்கிவிட்டாள், தங்கைக்கும் போன் போட்டுச் சொல்லிவிட்டாள்.

"முப்பது ரூபா தானேங்க," என்றாள் மனைவி. "நாமளே கட்டித் தொலைச்சிடலாம்."

அதுவும் நியாயமாகப் பட்டது. திருத்துநர் மூன்று பத்து ரூபாய்த் தாள்களோடு இயக்குநர் அறைக்குப் போனார். இயக்குநர் அந்தத் தாள்களைப் பார்த்ததும் நாற்காலியோடு பின்னால் நகர்ந்துவிட்டார்.

"உள்ள வைங்க, முதல்ல உள்ள வைங்க! நீங்க கட்டினா, நீங்கதான் எடுத்தீங்கன்னு ஆயிடும். எடுத்தவருக்கு எப்படிப் பதவி உயர்வு குடுக்கறது?"

"அப்போ அச்சுப்பிழைன்னு உண்மையச் சொல்லிடலாமா சார்? ஒரு திருத்தச் சீட்டு அடிச்சு ஒட்டிட்டா..."

"பிழையா?" இயக்குநர் எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். "நல்லா யோசிச்சுப் பேசுங்க. ஒரு பிரதியில பிழைன்னா அஞ்சு லட்சத்துலயும் பிழை. பிழையான அஞ்சு லட்சத்துக்கு அச்சகத்துக்குப் பணம் குடுத்தது யாரு? நான். என் பேத்திக்குக் கல்யாணம் ஆகி, அவ பேத்திக்குக் கல்யாணம் ஆகுற வரைக்கும் என் ஓய்வூதியத்துல பிடிப்பாங்க. பிழை கிடையாது. புரியுதா? விளக்கம்தான் இன்னும் கிடைக்கல, அவ்வளவுதான். விளக்கத்தைக் கண்டுபிடிங்க."

திருத்துநர் இருபது வருடம் பிழையைக் கண்டுபிடித்தே பழகியவர். பிழை இல்லை என்பதைக் கண்டுபிடிப்பது எப்படி என்று யாரும் அவருக்குச் சொல்லித்தரவில்லை. மனிதர் இளைத்துப்போனார். அலுவலகத்தில் யார் சிரித்தாலும் தன்னைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள் என்று தோன்றியது. சிலர் நிஜமாகவே அவரைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். "முப்பது ரூபாய்க்கு ஒரு வீடே வாங்கலாம்போல இருக்கே!" என்று வரவேற்பறையில் இருந்த பெண்மணி காதுபடவே சொன்னார்.

அந்தக் காலத்தில் எல்லா அலுவலகங்களிலும் ஆலோசகர் வைத்துக்கொள்வது நாகரிகமாக இருந்தது. ஆலோசகர் இல்லாத அலுவலகத்தை மற்ற அலுவலகங்கள் ஏற இறங்கப் பார்த்தன. பாடநூல் அலுவலகமும் முப்பது ரூபாயைத் தேட ஒருவரை வரவழைத்தது. அவருக்குக் கொடுத்த தொகையைச் சொன்னால் உங்கள் மனம் வருத்தப்படும், விட்டுவிடுவோம். அது அடுத்த வருடத் தணிக்கையில்தான் வரும் என்பதால் தணிக்கையாளரும் அதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஆலோசகர் நடத்தவிருந்த பயிலரங்குக்கு அவருக்கும் அழைப்பு போயிருந்தது.

ஆலோசகர் காலணியைக் கழற்றிவிட்டு வந்தார். மேசைகளை எல்லாம் ஓரமாகத் தள்ளச் சொன்னார். இயக்குநர் முதல் காவலாளி வரை வட்டமாகத் தரையில் உட்கார வேண்டியதாயிற்று. இயக்குநரை உட்கார வைக்க இரண்டு பேர், பிற்பாடு எழுப்ப நான்கு பேர் தேவைப்பட்டார்கள்.

"எல்லாரும் மூச்சை உள்ள இழுங்க. கணக்குன்னு சொல்லாதீங்க, அந்த வார்த்தையே பயத்தைக் குடுக்குது. இனிமே நாம அதை 'பகிர்வு அனுபவம்'னு சொல்வோம். சரி, இப்ப முப்பது ரூபா எங்கன்னு யாரும் தேட வேண்டாம். நாம தேடினா அது ஒளிஞ்சுக்கும். சும்மா இருந்தா அதுவா வரும்."

எல்லாரும் சும்மா இருந்தார்கள். அதில் அவர்களுக்கு நல்ல பயிற்சி இருந்தது. முப்பது ரூபாய் வரவில்லை. மஞ்சள் ஒட்டுத்தாளும் நிறநிறமான பேனாக்களும் வந்தன. மனதில் தோன்றியதை எழுதிச் சுவரில் ஒட்டச் சொன்னார். 'நட்பு' என்று ஒருவர் எழுதினார். 'சாப்பாடு எப்போது' என்று இன்னொருவர் எழுதினார். ஆலோசகர் அதை மிக ஆழமான கேள்வி என்று பாராட்டி, நடுவில் ஒட்டினார்.

"இப்ப நடிச்சுப் பார்க்கலாம்," என்றார் ஆலோசகர். மூன்று நாற்காலிகள் போடப்பட்டன. இயக்குநர் மூன்றாமவராக உட்கார்ந்தார், யார் சொல்லியும் அல்ல, அதிகத் தொகை உள்ள நாற்காலி எது என்று அவருக்கு இயல்பாகவே தெரியும். இரண்டாமவராகக் காசாளர். முதலாமவராகத் திருத்துநரைப் பிடித்து உட்கார வைத்தார்கள். ஆளுக்கொரு உறை கொடுத்தார்கள்.

"பிரிச்சுப் பாருங்க. உங்களுக்கு நூத்தி அறுபது வரணும். உள்ள நூத்தி முப்பதுதான் இருக்கு. இந்த நிமிஷம் உங்க மனசு என்ன சொல்லுது?"

திருத்துநர் உறைக்குள் பார்த்தார். யோசித்தார். அவர் கோபப்படுவார் என்று ஆலோசகர் எதிர்பார்த்து, பக்கத்தில் டிஷ்யூ காகிதம்கூட வைத்திருந்தார்.

"ஒண்ணும் சொல்லல சார். பழகிடுச்சு," என்றார் திருத்துநர். "எனக்கு எப்பவுமே பிடிச்சுட்டுத்தானே குடுப்பாங்க."

இயக்குநர் மெல்லத் தலையைத் திருப்பினார். தணிக்கையாளர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"என்ன சொன்னீங்க? திரும்பச் சொல்லுங்க," என்றார் இயக்குநர்.

"பிடித்தம் சார். சம்பளத்துல பிடிப்பாங்களே..."

"பிடித்தம்!" இயக்குநர் தானாகவே எழுந்துவிட்டார். "முப்பது ரூபா குறையவே இல்லையே! நிர்வாகச் செலவுக்குப் பிடிச்சிருக்கு! பரிசு குடுக்கறதுன்னா சும்மாவா? மேடை போடணும், மாலை வாங்கணும், தலைமை விருந்தினருக்குக் கார் அனுப்பணும்..."

தணிக்கையாளர் கண்ணை மூடி மனதுக்குள் கூட்டிப் பார்த்தார். அவர் முகத்தில் முதல்முறையாக ஒரு சாந்தி தெரிந்தது. "நூத்தி முப்பதும் முப்பதும் நூத்தி அறுபது. மொத்தம் தொள்ளாயிரம். இடிக்கல. குறைவுன்னா நான் ஆட்சேபிக்கலாம், பிடித்தம்னா எப்படி ஆட்சேபிக்க முடியும்? இதுவரைக்கும் யாரும் ஆட்சேபிச்சதில்லையே."

காசாளர் மட்டும், சும்மா இருக்க முடியாமல், ஒரு சந்தேகம் கேட்டார். "மூணு பேருக்கும் சேர்த்துத்தானே விழா நடந்துது. முதலாமவர்கிட்ட மட்டும் ஏன் சார் பிடிக்கணும்?"

இயக்குநர் அவரைப் பரிதாபமாகப் பார்த்தார். "குறைச்சலா வாங்குறவன்கிட்டதாம்ப்பா பிடிக்க முடியும். நிறைய வாங்குறவன்கிட்ட கைவச்சா அவன் கேள்வி கேப்பான்."

அது எல்லாருக்கும் சட்டென்று விளங்கிவிட்டது. சொந்த அனுபவம் இல்லாதவர்கள் அந்த அறையில் யாரும் இல்லை. ஆலோசகர் கைதட்டச் சொன்னார், எல்லாரும் தட்டினார்கள். திருத்துநரும் தட்டினார், கண்ணில் நீர் வந்துவிட்டது அவருக்கு. இரண்டு அறை வீடு கண்முன்னால் வந்து நின்றது.

மறுநாளே தெளிவுரை தயாராயிற்று. மேற்படி பகிர்வு அனுபவத்தில் முதலாமவருக்கு உரிய தொகையிலிருந்து ரூபாய் முப்பது நிர்வாகச் செலவாகப் பிடித்தம் செய்யப்பட்டுள்ளதால், புத்தகத்தில் கண்ட விடையே சரியான விடை என்றும், மாணவர்கள் இனிவரும் காலங்களில் பிடித்தத்தைக் கழித்த பின்னரே விடையை எழுத வேண்டும் என்றும் இதன்மூலம் தெளிவுபடுத்தப்படுகிறது. எண் திருத்துநர் கூடுதல் பொறுப்பு என்ற இடத்தில் திருத்துநர் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது. பேனாவை எடுத்தவர் ஒரு நொடி தயங்கினார். விடை தப்பு என்பது மனதுக்குத் தெரிந்துதான் இருந்தது, தெரியவில்லை என்று சொன்னால் அது பொய். ஆனாலும் அது சாப்பாட்டுக்கு முந்தைய நேரம். அப்போது அவர் எழுத்துகளை மட்டுமே பார்க்கக் கடமைப்பட்டவர். எழுத்துகளைப் பார்த்தார். பிழை இல்லை. போட்டுவிட்டார்.

ஆட்சேபணை நீங்கியது. பதவி உயர்வு வந்தது. திரைச்சீலையும் ஜன்னலுக்குச் சரியாக இருந்தது. மகளுக்கு ஒரு மேசை வாங்கினார்கள், அவள் அதில் உட்கார்ந்து முதல் இரண்டு நாள் ஒன்றும் எழுதாமல் சும்மா தடவிக்கொண்டே இருந்தாள். அதைப் பார்க்கப் பார்க்கத் திருத்துநருக்கு, செய்தது எல்லாம் நியாயம்தான் என்று பட்டது.

தெளிவுரை வெளியே போய்த் தன் வேலையைத் தொடங்கியது. ஆசிரியர் கையேட்டில் அது சேர்ந்தது. ஆசிரியர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள், மூச்சை இழுத்துவிட்டு. பெரிய பள்ளிக்கூடம் ஒன்று 'நாங்கள் பிடித்தக் கணிதத்தை மழலை வகுப்பிலேயே தொடங்குகிறோம்' என்று பேருந்து முதுகில் விளம்பரம் ஒட்டியது. உடனே மற்றப் பள்ளிகளுக்குத் தூக்கம் போயிற்று. தெருவுக்குத் தெரு 'பிடித்தக் கணிதம் கற்றுத்தரப்படும்' என்று பலகை தொங்கியது. வட்டத்தின் பரப்பில் எவ்வளவு பிடிப்பது, முக்கோணத்தின் மூன்று கோணங்களில் எந்தக் கோணத்தில் பிடிப்பது என்றெல்லாம் உயர்நிலை வகுப்புகளில் ஆராய்ச்சி நடந்தது. சின்னக் கோணத்தில்தான் பிடிக்க வேண்டும் என்று முடிவாயிற்று.

அரையாண்டுத் தேர்வு வந்தது. அதே கணக்கு, பத்து மதிப்பெண்ணுக்கு. திருத்துநரின் மகள் 160, 320, 420 என்று எழுதி, கீழே கூட்டியும் காட்டி, கூட்டலுக்கு அடியில் இரட்டைக் கோடும் போட்டிருந்தாள். பூஜ்யம் வாங்கிக்கொண்டு வந்தாள்.

விடைத்தாளை மேசைமேல் வைத்துவிட்டு நின்றாள். அழவில்லை. அழுதிருந்தால் பரவாயில்லை என்று இருந்தது அவருக்கு.

"அப்பா, மூணையும் கூட்டினா தொள்ளாயிரம் வரணும்ல? எனக்கு வருதேப்பா. எதுக்கு முட்டை போட்டாங்க?"

"நீங்க போய்ப் பேசிட்டு வாங்க," என்றாள் மனைவி. "புஸ்தகமே உங்க அலுவலகத்துல போட்டது. உங்க பொண்ணுக்கே முட்டையா? முதுநிலைன்னு சொல்லிட்டு வீட்டுல உக்காந்தா எப்படி?"

திருத்துநர் இஸ்திரி போட்ட சட்டையைப் போட்டுக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனார். வாசலிலேயே பெற்றோர் கூட்டம். ஐந்து லட்சம் பிரதி, ஐந்து லட்சம் அப்பாக்கள், எல்லாரும் நம்மைத்தான் தேடி வந்திருக்கிறார்கள் என்று நினைத்து, கைக்குட்டையால் முகத்தைத் துடைப்பதுபோல் மறைத்துக்கொண்டு வரிசையின் கடைசியில் நின்றார்.

வரிசையில் முதலில் நின்ற மனிதர், கடைக்காரர் என்று பார்த்தாலே தெரிந்தது, ஆசிரியையிடம் கையைப் பிசைந்துகொண்டிருந்தார். "டீச்சர், பையன் முதலாமவர்கிட்ட பிடிக்கவே மாட்டேங்கறான். பாவம்ங்கறான். இவன் எப்படிப் பொழைப்பான்? ஒரு நாளைக்கு ரெண்டு வேளை வேணாலும் டியூஷனுக்கு அனுப்பறேன், எப்படியாவது பிடிக்கக் கத்துக்குடுத்துருங்க."

அவருக்குப் பின்னால் ஒரு தாய். "பக்கத்து வீட்டுப் பையன் நாப்பது வரைக்கும் பிடிக்கறானாம் மிஸ். எங்க பொண்ணு இன்னும் முப்பதுலயே நிக்குறா."

வரிசையில் யாரும் விடை தப்பு என்று சொல்லவில்லை. திருத்துநர் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். எல்லாரும் கூட்டத் தெரிந்தவர்கள்தான். கடைக்காரர் தன் கல்லாவில் முப்பது காசு குறைந்தால் கடையைத் தலைகீழாகக் கவிழ்த்துவிடுவார்.

அவருடைய முறை வந்தது. விடைத்தாளை நீட்டினார். ஆசிரியை அதைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார்.

"நல்லா படிக்கற பொண்ணு சார். ஆனா பாருங்க, பிடித்தத்தைக் காட்டவே இல்ல. நான் என்ன செய்ய முடியும்?" இழுப்பறையிலிருந்து தெளிவுரையை எடுத்து மேசைமேல் விரித்தார். "எண் திருத்துநரே கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டாரு. அவரைவிட நமக்கு அதிகம் தெரியுமா சொல்லுங்க? அந்த மனுஷன் பார்க்காமலா போட்டிருப்பாரு?"

திருத்துநர் தன் கையெழுத்தைப் பார்த்தார். நான்தான் அவர் என்று சொல்ல வாயைத் திறந்தார். சொன்னால் அடுத்து 'இது தப்பு' என்று சொல்ல வேண்டும். அப்படிச் சொன்னால் பிழை உண்டு என்று ஆகும், ஐந்து லட்சத்துக்கும் ஆகும், ஜன்னல் திரைச்சீலை வரைக்கும் எல்லாவற்றையும் கழற்றிக்கொடுக்க வேண்டி வரும். பின்னால் வந்து சேர்ந்திருந்தவர்கள் நகரச் சொல்லி முணுமுணுத்தார்கள்.

"டியூஷன் எத்தனை மணிக்கு டீச்சர்?" என்று கேட்டார்.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அவருக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. வெட்கக்கேடு, பெற்ற பிள்ளை போட்ட சரியான கணக்கைத் தப்பாக்கக் காசு கட்டிவிட்டு வருகிறோமே என்று மனம் அடித்துக்கொண்டது. வீட்டு வாசலுக்கு வந்ததும், எல்லாப் பிள்ளைகளும் போகிற இடத்துக்குத்தானே நம் பிள்ளையும் போகிறது என்று சமாதானம் சொல்லிக்கொண்டு செருப்பைக் கழற்றினார்.

மகள் டியூஷனுக்குப் போனாள், வந்தாள். முதலில் முரண்டு பிடித்தாள், பிறகு விட்டுவிட்டாள். அடுத்த தேர்வில் பத்துக்குப் பத்து. விடைத்தாளைக் கொண்டுவந்து அப்பாவிடம் கொடுத்தாள். 130, 320, 420. பக்கத்தில் ஆசிரியை சிவப்பு மையில் நட்சத்திரம் போட்டிருந்தார்.

"எல்லாம் புரிஞ்சுடுச்சாம்மா?" என்று கேட்டார் திருத்துநர்.

"புரிஞ்சுடுச்சுப்பா. ரொம்ப சுலபம். யாருக்குக் கம்மின்னு முதல்ல பாக்கணும், அவங்ககிட்ட பிடிக்கணும்." அவள் பென்சிலைச் சீவிக்கொண்டே சொன்னாள். "அந்த முப்பது அப்புறம் யாருக்குப் போகுதுன்னு மட்டும் கேக்கக் கூடாதாம். நான் டியூஷன் டெஸ்ட்ல ஒரு தடவை கேட்டேன். அதுக்கு ரெண்டு மார்க் பிடிச்சுட்டாங்க."

"அதான் பத்துக்குப் பத்து போட்டிருக்காங்களே?"

"இது அடுத்த தடவைப்பா. இந்தத் தடவை நான் கேக்கல."

மனைவி பூரித்துப்போய்த் தங்கைக்குப் போன் போட்டாள். திருத்துநர் விடைத்தாளை இன்னொரு முறை மேலிருந்து கீழ்வரை பார்த்தார். எழுத்தில் ஒரு பிழை இல்லை. பெற்றோர் கையெழுத்து என்ற இடத்தில் போட்டுக் கொடுத்தார்.